கடைசி பஸ் சுட்ட பன்

"எழுந்திரு ராசா, எழுந்திரு" என்று ஈரத்துணியை ஓரமாகத் தூக்கிப் பார்த்துக் கெஞ்சுகிறார். துணிக்குக் கீழே பெரிய அலுமினியக் குண்டானில், பிசைந்த மாவு குப்புறப் படுத்துக் கிடக்கிறது. "நான் ஓட்டுற வண்டியில படுத்தவன் ஒருத்தனும் இதுவரைக்கும் எழுந்ததில்ல. நீயாவது எழுந்து என் மானத்தைக் காப்பாத்து."

மாவு காதில் போட்டுக்கொண்டதாகத் தெரியவில்லை. துணியை மூடி, குண்டானைச் சுற்றித் தன் பழைய கம்பளிச் சட்டையைப் போர்த்தி, சட்டையின் இரண்டு கைகளையும் முன்பக்கமாக முடிச்சுப் போடுகிறார். அடுக்களை மேஜைமேல் ஒரு குண்டு மனிதர் குளிருக்குக் கைகட்டி உட்கார்ந்திருப்பதுபோல இருக்கிறது.

சவ வண்டி ஓட்டுவது அவர் தொழில். எதிர்ச்சாரியில் இருக்கும் பட்டறைக்காரர்கள் அவருக்கு வைத்த பெயர் 'கடைசி பஸ்'. அவருக்கு அதில் வருத்தம் கிடையாது. கொஞ்சம் பெருமைகூட உண்டு. "என் வண்டியில ஏறினவங்க யாரும் குறை சொன்னதில்ல. பின்னாடி உக்காந்துக்கிட்டு இப்படித் திரும்பு, அப்படித் திரும்புன்னு வழி சொல்றவங்களும் கிடையாது" என்பார். தெருவில் யாராவது விழுந்தடித்து ஓடினால், "மெதுவா போங்க, எப்படியும் நம்ம வண்டிதானே" என்று வாழ்த்தி அனுப்புவார்.

இதையெல்லாம் சொல்லும்போது அவர் முகத்தில் ஒரு தசைகூட அசையாது. நெடுநெடுவென்ற ஆள். முகமும் நீளம், கன்னம் இரண்டும் கீழ்நோக்கித் தொங்கும், கண்ணில் எப்போதும் ஒரு பனி. அந்த முகத்தோடு ஐஸ்கிரீம் கடையில் வேலைக்கு நின்றிருந்தால் முதல் நாளே துரத்தியிருப்பார்கள். இந்தத் தொழிலில் முதலாளிக்கு அது முதலீடு. கல்யாணப் படத்திலும் பெண்ணுக்கு ஆறுதல் சொல்ல வந்தவர் மாதிரியே நிற்கிறார். வண்டி ஓட்டிப் பழகிய வேகம் உடம்பில் ஊறிவிட்டது. மனைவியை ஸ்கூட்டரில் கடைக்குக் கூட்டிப்போனால், பாதி வழியில் அந்தம்மா இறங்கி நடந்து, அவருக்கு முன்னால் போய்ச் சேர்ந்துவிடுவார்.

அந்தம்மா தபால் நிலையத்தில் முத்திரை குத்துகிறவர். கைப்பலம் அதில் வந்தது. குரல்பலம் பிறவியிலேயே வந்தது. மாதா கோயில் பாடகர் குழு அவர் கையில். அந்தக் குழுவில் இருக்கும் யாரும் சுதி விலகிவிட்டு நிம்மதியாக வீடு திரும்பியதில்லை.

கடைசி பஸ்ஸுக்குக் கோயில் என்றால் வெளியே வண்டி நிறுத்தும் இடம். உள்ளே போவது தொழில் நிமித்தம். ஆனால் ஈஸ்டர் வந்துவிட்டால் பட்டையும் கிராம்பும் ஜாதிக்காயும் இடித்துப் போட்டு, உலர்திராட்சையும் பாகில் ஊறிய ஆரஞ்சுத் தோலும் சேர்த்து, மேலே மைதாக் கூழால் சிலுவை போட்டு, அவர் சுடும் பன்தான் முழுக் கோயிலுக்கும். எப்படித் தொடங்கியது என்று கேட்டால், "வருஷம் முழுக்க எல்லாரும் என்னைப் பார்த்து ஒதுங்கிப் போறாங்க. ஒரு நாளாவது தேடி வரட்டுமேன்னுதான்" என்கிறார். சிலுவை மட்டும் கோணாமல் விழும். "அது நம்ம கம்பெனி முத்திரையாச்சே."

பன் சுடுகிற நாட்களில் அடுக்களை வாசலில் ஒரு நாற்காலி குறுக்கே கிடக்கும். அதைத் தாண்டி மனைவி வரக்கூடாது. அந்தம்மா தாண்ட நினைத்ததும் இல்லை. "எனக்கு லீவு. வேண்டாம்னு சொல்ல நான் என்ன பைத்தியமா?" என்று கூடத்தில் காலை நீட்டிப் பாட்டுப் புத்தகத்தைப் புரட்டிக்கொண்டிருப்பார். அளவுக் கரண்டி, தராசு எதுவும் உள்ளே கிடையாது. எல்லாம் மூக்கு. இடித்த மசாலாவுக்குள் மூக்கை விடுவார், கண்ணை மூடுவார், "இன்னும் கொஞ்சம்" என்பார். அடுப்புக்கு முன்னால் முதுகைக் காட்டி உட்கார்ந்து செய்தித்தாள் படிப்பார். திடீரென்று தாளை எறிந்துவிட்டு எழுந்து தட்டை வெளியே இழுப்பார். பன் ஒரே நிறத்தில் பழுத்திருக்கும். "கண்ணு பொய் சொல்லும். மூக்கு நம்ம முதலாளி மாதிரி, ஒண்ணையும் மன்னிக்காது."

அந்த மூக்குதான் போன குளிர்காலத்தில் காலை வாரிவிட்டது.

ஒரு காய்ச்சல் வந்தது. கூடவே சளி. இரண்டும் போகும்போது வாசனையையும் கூட்டிக்கொண்டு போய்விட்டன. முதலில் அவருக்குக் கொண்டாட்டமாகத்தான் இருந்தது. வண்டிக்குள் மலர்வளையங்கள் அடைசலாகக் கிடந்து, ஜன்னலையும் திறக்க முடியாமல், அந்த வாசனையில் தலைவலி வராத நாளில்லை. அது போச்சு. அப்புறம் காப்பி வெறும் சுடுதண்ணீர் ஆனது. சோப்பு வெறும் வழுக்கல் ஆனது. ஒரு நாள் பால் தீய்ந்து வீடே புகைந்தபோது, அதே அடுப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பட்டாணி உரித்துக்கொண்டிருந்தார். "கல்லு மாதிரி உக்காந்திருக்கீங்களே, மனுஷனா நீங்க?" என்று மனைவி கத்தினார். யோசனையில் இருந்தேன் என்று சமாளித்தார்.

யாரிடமும் சொல்லவில்லை. திருட்டுத்தனமாக ஒரு டாக்டரைப் போய்ப் பார்த்தார். "வரலாம், வராமலும் போகலாம்" என்றார் டாக்டர். இந்தப் பதிலுக்கு டாக்டர் எதற்கு? பட்டறைக்குத் தெரிந்தால் என்ன சொல்வார்கள் என்பது அவருக்கு மனப்பாடம்: "என்னண்ணே, மூக்கு மட்டும் முதல் டிரிப் போயிடுச்சா?"

ஈஸ்டருக்கு முந்தின புதன்கிழமை பாடகர் குழுவுக்கு ஒத்திகை. அன்றைக்குத் தேநீரோடு ஒரு தட்டு பன் அனுப்புவது வழக்கம். கைப்பழக்கம் கைவிடாது என்று நம்பி நாற்காலியைக் குறுக்கே போட்டார். கை தன் வேலையைச் சரியாகத்தான் செய்தது. போட வேண்டிய கிராம்பைப் போட்டது. ஆனால் மூக்கும் தன் பழக்கப்படி உள்ளே எட்டிப் பார்த்தது. ஒன்றும் இல்லை. கை மறந்துவிட்டதோ என்று பயம் வந்தது. இன்னும் கொஞ்சம் போட்டார். மறுபடி முகர்ந்தார். வெள்ளைச் சுவரை முகர்ந்த மாதிரி இருந்தது. அதற்குப் பிறகு நடந்தது சமையல் இல்லை, சூதாட்டம். கிராம்பு டப்பா தரை தட்டியதும்தான் நிறுத்தினார்.

பன்கள் பார்க்க அற்புதமாக வந்திருந்தன. மேலே பாகு தடவி, கண்ணாடிபோல மின்னின. குழுவில் கட்டைக்குரல் பாடும் தையல்காரர் ஒரு கடி கடித்துவிட்டு, "கொஞ்சம் சுருசுருங்குது. நல்லாத்தான் இருக்கு" என்று இரண்டாவதை எடுத்தார். மற்றவர்களுக்கு முகம் சுளித்தது. ஆனாலும் யாரும் வேண்டாம் என்று சொல்லவில்லை. கடைசியில் எல்லோரும் ஏற வேண்டிய வண்டி. ஓட்டுகிறவரிடம் எதற்குப் பகை?

தேநீர் முடிந்து பாட எழுந்தார்கள். அந்தம்மா கையை உயர்த்தினார். 'உயிர்த்தெழுந்தார்' என்று இடி மாதிரி விழ வேண்டிய இடத்தில், "உயித்தெயுந்தா" என்று ஏதோ ஒன்று வழிந்தது. உதடுகள் யாருடையதோ மாதிரித் தொங்கின. நாக்கு வாய்க்குள் மெத்தைபோலக் கிடந்தது. உச்சக்குரல் பாடும் பெண் கைக்குட்டையால் மோவாயைப் பொத்திக்கொண்டார். பிறந்ததிலிருந்து 'ழ' வராமல் அந்தம்மாவிடம் திட்டு வாங்கியே நரைத்துப்போன தையல்காரர் மட்டும் உற்சாகமாகப் பாடிக்கொண்டிருந்தார். வாழ்க்கையில் முதல்முறையாக முழுக் குழுவும் அவருக்குச் சமமாக இறங்கி வந்திருந்தது.

"நியுத்துங்க!" என்றார் அந்தம்மா. தன் வாயிலிருந்து வந்ததைக் கேட்டு அவரே மிரண்டுபோனார்.

சத்தம் கேட்டுப் பக்கத்து அறையிலிருந்து பாதிரியார் வந்தார். இளைஞர், எதையும் நல்லவிதமாகவே எடுத்துக்கொள்கிறவர். புனித வாரத்தில் பாடகர் குழு மொத்தமும் குடித்துவிட்டு நிற்கிறது என்பதைத் தவிர வேறு எந்த நல்லவிதமும் அவருக்கு அங்கே கிடைக்கவில்லை. எல்லோரும் தட்டைக் கைகாட்டினார்கள். பாவம் எது என்று ருசித்துப் பார்த்துத் தெரிந்துகொள்கிறவர் மாதிரி ஒன்றை எடுத்துக் கடித்தார். மென்றார். சற்று நேரம் கழித்து, "ஆண்டவயே!" என்றார்.

வாய் திரும்பி வருகிறவரை அந்தம்மா வீட்டுக்கு வெளியிலேயே நடந்துகொண்டிருந்தார். மரத்த வாயால் புருஷனைத் திட்டினால் சரியாக வராது. உள்ளே வந்தபோது கடைசி பஸ் விளக்கத்தோடு தயாராக இருந்தார். "புதுக் கடையில வாங்கின கிராம்பு. ரொம்ப வீரியம் போல இருக்கு. நாளைக்கே போய் அவனை நாலு கேள்வி..."

"கண்ணை மூடுங்க" என்றார் அந்தம்மா.

"எதுக்கு?"

"மூடுங்கன்னா மூடுங்க."

மூடினார். அந்தம்மா அவர் மூக்குக்குக் கீழே எதையோ நீட்டினார். "என்ன வாசனை, சொல்லுங்க."

கடைசி பஸ் மார்பு விரிய மூச்சை இழுத்தார். தலையை ஒரு பக்கம் சாய்த்தார். வைர வியாபாரி கல்லைப் பார்ப்பதுபோல ஒரு நிதானம். "ஜாதிக்காய். கொஞ்சம் பழசு."

கண்ணைத் திறந்தால், காலையிலிருந்து அவர் போட்டிருந்து கழற்றிய காலுறை.

அந்தம்மா சிரித்தார். சுவரைப் பிடித்துச் சிரித்தார், பிடி நழுவித் தரையில் உட்கார்ந்து சிரித்தார். "பழைய ஜாதிக்காயாம்!" என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தார். நிமிர்ந்து பார்த்தபோது அவர் முகம் எப்போதும்போலத்தான் இருந்தது. நீளமாக, அசையாமல். இத்தனை வருஷம் குடித்தனம் நடத்தியவருக்கு அதிலும் வித்தியாசம் தெரியும். சிரிப்பு நின்றுவிட்டது.

"எப்பலேந்து?"

"காய்ச்சல்லேந்து."

"என்கிட்ட ஏன் சொல்லல?"

அவர் காலுறையை வாங்கிச் சுருட்டிக் கையில் வைத்துக்கொண்டார். "என்னன்னு சொல்றது? சாவியைப் போடறேன், கதவு திறக்குது. மேஜை, நாற்காலி, நீ, எல்லாம் இருக்கு. ஆனா வீட்டுக்கு வந்த மாதிரி இல்ல. ஏதோ ஊருல லாட்ஜுல ரூம் போட்ட மாதிரி இருக்கு. பக்கத்துல நீ படுத்திருந்தாலும்... யாரோ படுத்திருக்கிற மாதிரி இருக்கு."

"யாரோவா?"

"கோவிச்சுக்காத."

அந்தம்மா கோபித்துக்கொள்ளவில்லை. அவர் கோபித்துக்கொள்ளாததுதான் கடைசி பஸ்ஸைப் பயமுறுத்தியது.

மறுநாள் கடைசி பஸ் பாதிரியாரிடம் போய், "இந்த வருஷம் ஈஸ்டருக்குக் கடையில வாங்கிக்கலாம் ஃபாதர். எனக்கு உடம்பு சரியில்ல" என்றார்.

"அப்படியா? ரொம்ப நல்லது!" என்றார் பாதிரியார். சொன்ன வேகத்தில் தானே நாக்கைக் கடித்துக்கொண்டார். "அதாவது, ஓய்வு எடுக்கிறது ரொம்ப நல்லதுன்னு சொல்ல வந்தேன்."

அந்த 'நல்லது' அவரை வீடுவரைக்கும் துரத்திக்கொண்டு வந்தது. சாப்பாடு இறங்கவில்லை. எப்படியும் ருசியும் தெரியாது என்பது வேறு விஷயம். வெள்ளிக்கிழமை ஒரு சவாரி இருந்தது. அன்றைக்கு அவர் முகத்தைப் பார்த்து, செத்தவரின் மருமகனே அவருக்கு ஆறுதல் சொன்னாராம்.

சனிக்கிழமை காலையில் எழுந்து வந்தால், அடுக்களை வாசலில் நாற்காலி இல்லை. அந்தம்மா உள்ளே இருந்தார். புடவையைத் தூக்கிச் செருகி, இடுப்பில் துண்டைக் கட்டி, மாவு மூட்டையை ஒற்றைக் கையால் மேஜைமேல் ஏற்றிக்கொண்டிருந்தார்.

"ஃபாதர்கிட்ட வேண்டாம்னு சொல்லிட்டேனே" என்றார் இவர்.

"நான் வேணும்னு சொல்லிட்டு வந்துட்டேன். உங்க மூக்கு போனா போகட்டும், என் மூக்கு இருக்கில்ல. வாங்க."

"உன் மூக்கு பாட்டுல ராகம் இழுக்கத்தான் லாயக்கு."

"அதையும் பார்த்துடலாம்."

மாவு பிசைவதில் அந்தம்மாவை அடிக்க ஆளில்லை. தபால்களுக்குக் கிடைக்கிற குத்து அத்தனையும் மாவுக்குக் கிடைத்தது. தகராறு வந்தது மசாலாவில்தான்.

"எப்படி இருக்கு?" என்று கடைசி பஸ் இடித்த மசாலாக் கிண்ணத்தை நீட்டினார்.

"நல்லா இருக்கு."

"நல்லான்னா என்ன நல்லா? எது முன்னாடி நிக்குது? பட்டையா, கிராம்பா?"

"எல்லாம் கும்பலா நிக்குது. க்யூவுலயா நிக்கும்?"

"இதுக்குத்தான் சொன்னேன், போய்ப் பாட்டுப் புத்தகத்தைப் படின்னு."

"இருங்க, இருங்க." அந்தம்மா கிண்ணத்தை வாங்கி மறுபடி முகர்ந்தார். புருவம் நெளிந்தது. "நீங்க எங்க அப்பாவைப் பார்க்க முதல் தடவை வந்தீங்களே, ஞாபகம் இருக்கா? பேசாம, தலையைக் குனிஞ்சுக்கிட்டு. அன்னிக்கு உங்ககிட்ட ஒரு வாசனை வந்துச்சு. அதே மாதிரி இருக்கு."

கடைசி பஸ் கொஞ்சம் யோசித்தார். "அப்ப கிராம்பு ஜாஸ்தி. பட்டை போடு."

"எப்படிச் சொல்றீங்க?"

"அன்னிக்கு எனக்குப் பல்வலி. கிராம்புத் தைலத்தை வாயெல்லாம் ஊத்திக்கிட்டு வந்திருந்தேன். வாய் மரத்துப் போயி ஒரு வார்த்தை பேச முடியல."

அந்தம்மா பட்டையை அப்படியே கையில் பிடித்தபடி நின்றார். "அடப்பாவி மனுஷா! அமைதியான பையன், பொறுமையான பையன்னு சொல்லித்தானே எங்க அப்பா என்னை உங்களுக்குக் குடுத்தாரு!"

"நான் எங்க சொன்னேன் அமைதின்னு? நான்தான் எதுவுமே சொல்லலையே."

அதற்குப் பிறகு வேலை ஓடியது. பட்டை விழ விழ, அந்தம்மா முகர்ந்து சேதி சொன்னார். புதுச் செருப்புக் கடை மாதிரி இருக்கு என்றார். போதாது என்று கடைசி பஸ் இன்னும் இடித்தார். பரீட்சை அன்றைக்கு நம்ம பெரிய பொண்ணுக்கு வயிற்றுவலி வந்ததே, அந்தக் கஷாயம் மாதிரி இருக்கு என்றார். அதற்கு ஜாதிக்காய் காரணம் என்று அவர் அந்தம்மாவின் கையைத் தட்டிவிட்டு ஆரஞ்சுத் தோலைச் சேர்த்தார். கடைசியில் அந்தம்மா ரொம்ப நேரம் முகர்ந்துகொண்டிருந்துவிட்டு, "மர பீரோவுக்குள்ள யாரோ ஆரஞ்சுப் பழத்தை மறந்து வச்சுட்டாங்க" என்றார்.

"அதுதான்!" என்று கடைசி பஸ் மேஜையில் அடித்தார். மாவு பறந்தது. "அதேதான்! நிறுத்து, இனிமே ஒண்ணும் போடாத!" சொல்லிவிட்டுக் கிண்ணத்துக்குள் தன் மூக்கை விட்டுப் பார்த்தார். ஒன்றும் இல்லை. ஆனாலும் தலையை ஆட்டிக்கொண்டார்.

அடுப்பில் தட்டு ஏறிய பிறகு இருவரும் தரையில் உட்கார்ந்தார்கள். அவர் அடுப்புக் கண்ணாடியை வெறித்தார். அந்தம்மா சுவரில் சாய்ந்து ஒரு பாட்டை முணுமுணுத்தார். பாதியில் பாட்டு நின்றது.

"என்ன?" என்றார் அவர்.

"ஒண்ணுமில்ல. திடீர்னு பசிக்குது."

கடைசி பஸ் பாய்ந்து எழுந்து தட்டை இழுத்தார். ஒரே நிறத்தில் பழுத்திருந்தன.

ஈஸ்டர் காலையில் சவாரி இல்லை. முதலாளி சம்மதத்தோடு பன் தட்டுகள் சவ வண்டியில் ஏறின. பெட்டியை உருட்டி ஏற்றும் உருளைகளின்மேல் தட்டுகள் அலுங்காமல் வழுக்கிக்கொண்டு போயின. அவர் கறுப்புக் கோட்டைப் போட்டுக்கொண்டார். அது இல்லாமல் அந்த வண்டியை ஓட்டினால் பழக்கமில்லாத ஆள்போல இருக்குமாம். கோயில் வாசலில் வண்டி வந்து நின்றதும் கூட்டம் இரண்டாகப் பிரிந்தது. சிலர் சிலுவை அடையாளம் போட்டுக்கொண்டார்கள். "நல்ல நாளும் அதுவுமா... யாரு?" என்று ஒரு பெரியவர் தணிந்த குரலில் கேட்டார்.

"உள்ள வந்து பாருங்க. இன்னும் சூடா இருக்கு" என்றார் கடைசி பஸ், அதே முகத்தோடு.

பூசை முடிந்து எல்லோரும் கூடத்துக்கு வந்தார்கள். தேநீரை எடுத்தார்கள். பன் மேஜையிலிருந்து மரியாதையான தூரத்தில் நின்றுகொண்டு வானிலையைப் பற்றிப் பேசினார்கள். புதன்கிழமை சேதி ஊர் முழுக்கப் பரவியிருந்தது. அந்தம்மா இடுப்பில் கைவைத்து ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். ஒருவர்கூடக் கண்ணுக்குக் கண் பார்க்கவில்லை. கடைசி பஸ் மேஜைக்குப் பின்னால், கையைக் கட்டி, சவப்பெட்டிக்குப் பக்கத்தில் நிற்கிற நிதானத்தோடு நின்றார். கோட்டுக்குள் மட்டும் வியர்த்துக்கொண்டிருந்தது.

அன்றைய பிரசங்கம் விசுவாசத்தைப் பற்றி. பாதிரியார் முழங்கியிருந்தார். இப்போது எல்லாத் தலைகளும் அவர் பக்கம் திரும்பின. தப்பிக்க வழியில்லை. முன்னால் வந்து, ஓரத்தில் இருந்த சிறிய பன்னாகப் பார்த்து எடுத்து, சின்னதாகக் கிள்ளி வாயில் போட்டார். கூடம் முழுக்கத் தேநீர் கோப்பைகள் நடுவழியில் நின்றன. அவர் மென்றார். விழுங்கினார். உதட்டை ஒரு விரலால் தொட்டுப் பார்த்தார். பிறகு குரலைச் செருமிக்கொண்டு, நிறுத்தி, அழுத்தந்திருத்தமாகச் சொன்னார்:

"மகிழ்ச்சி."

'ழ' முழுசாக வந்தது. அவ்வளவுதான், கூட்டம் மேஜைமேல் விழுந்தது. பாதிரியார் தன் பங்கு முடிந்ததை மறந்துவிட்டு இரண்டாவதைக் கேட்டபோது ஒன்றுகூட மிச்சமில்லை. கடைசித் தட்டில் கிடந்த உதிரித் திராட்சையைக்கூடப் பொறுக்கினார்கள். தையல்காரர் மட்டும் ஒரு பன்னைத் தின்று முடித்துக் கையைத் தட்டியபடி வந்து, "அண்ணே, இதுவும் பரவாயில்ல. ஆனா எனக்கென்னவோ புதன்கிழமை பன்னுதான் பிடிச்சிருந்துச்சு" என்று ரகசியமாகச் சொல்லிவிட்டுப் போனார்.

திரும்பும்போது அந்தம்மா முன் இருக்கையில் உட்கார்ந்துகொண்டார். பின்னால் காலித் தட்டுகள் கிணிகிணித்தன. "ஜாதிக்காய் ஒரு பொடி கூடப் போட்டிருக்கலாம்" என்றார் அந்தம்மா. ஒரே நாளில் நிபுணராகிவிட்டார். பெரிய சாலைச் சந்திப்பில் சிவப்பு விளக்கு விழுந்தது. கடைசி பஸ் வண்டியை நிறுத்தினார். அந்தம்மாவின் கை மடியில் கிடந்தது. எத்தனை கழுவியும் நகக்கண்ணில் பட்டைத் தூள் போகவில்லை. அவர் அந்தக் கையை எடுத்து, உள்ளங்கையைத் திருப்பித் தன் மூக்கின்மேல் வைத்துக்கொண்டு, கண்ணை மூடி, மெதுவாக மூச்சை இழுத்தார்.

"வருதா?" என்றார் அந்தம்மா.

அவர் இல்லை என்று தலையசைத்தார். கையை மட்டும் விடவில்லை. விளக்கு பச்சைக்கு மாறியது. பின்னால் வண்டிகள் வரிசையாக நின்றன. சவ வண்டிக்குப் பின்னால் நிற்கிற எவனும் ஹாரன் அடிக்க மாட்டான். கடைசி பஸ் கண்ணைத் திறக்காமல், இன்னும் ஒருமுறை மூச்சை இழுத்தார்.